பேக்கன் ஆம்லெட்டுக்கு அரை டீஸ்பூன் உப்பு வேண்டாம்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

உங்கள் ஞாயிறு இணைப்பின் சமையல் பக்கத்தில் சில வாரங்களுக்கு முன் பேக்கனும் (உப்பிட்ட பன்றி இறைச்சி) சீஸும் போட்டுப் பத்து நிமிடத்தில் செய்யும் ஆம்லெட் குறிப்பு ஒன்று வந்திருந்தது. அதை ஒரு வரி மாற்றாமல் செய்து பார்த்த வீட்டிலிருந்து எழுதுகிறேன். குறிப்பில் மூன்று தப்பு இருக்கிறது. அதில் ஒன்று உடம்புக்கே கெடுதல் என்பதால் திருத்தம் போடச் சொல்லிக் கேட்கத்தான் இந்தக் கடிதம்.

நான் தஞ்சாவூர்ப் பக்கம். கல்யாணமாகி தென்னாப்பிரிக்காவுக்கு வந்து 18 வருஷமாகிறது, டர்பனில் சாட்ஸ்வொர்த்தில் இருக்கிறோம். கணவர் குடும்பம் நாலைந்து தலைமுறைக்கு முன் கரும்புத் தோட்ட வேலைக்கு வந்தவர்கள். வீட்டில் பேசுவது ஆங்கிலம், சாமி கும்பிடுவது தமிழில். இங்கே தமிழ்க் குடும்பங்களுக்குப் புரட்டாசி பெரிய விஷயம், எங்கள் வீட்டில் அந்த மாதம் முழுக்க முட்டைகூட உள்ளே வராது. அதனால் புரட்டாசி முடிந்த முதல் ஞாயிற்றுக்கிழமைக் காலைச் சாப்பாட்டைப் பிள்ளைகள் நாள் எண்ணிக் காத்திருப்பார்கள்.

இந்த வருஷம் அதை நானே செய்கிறேன் என்றான் என் மகன். வயது 14. சனிக்கிழமை தமிழ் வகுப்புக்குப் போகிறான், எழுத்துக் கூட்டி வாசிக்கிற அளவுக்கு வந்திருக்கிறான். உங்கள் குறிப்பை என் போனில் வைத்துக்கொண்டு ஒவ்வொரு வரியாக வாசித்து, 'பொடியாக' என்றால் என்ன, 'மிதமான' என்றால் என்ன என்று என்னிடம் கேட்டுக் கேட்டுச் செய்தான். பேக்கனைப் பொடியாக நறுக்கி முட்டைக் கலவையில் சேர்க்கவும் என்ற வரி வந்ததும் நிமிர்ந்து பார்த்து, "அம்மா, பச்சையாவா?" என்றான். எனக்கும் சந்தேகம்தான். ஆனாலும் தமிழில் வாசித்து அவன் தானாகச் செய்கிற முதல் காரியம், நடுவில் புகுந்து கெடுக்க வேண்டாம் என்று "போட்டிருக்கிற மாதிரியே செய்யப்பா" என்று சொல்லிவிட்டேன்.

மூன்று முட்டை, கால் கப் பால், அரை டீஸ்பூன் உப்பு, பச்சைப் பேக்கன், துருவிய சீஸ் எல்லாம் ஒரே கிண்ணத்தில். அப்புறம் பெரிய தீ. அடிப்பக்கம் கருகியது, மேலே தண்ணீர் விட்டது, பேக்கன் கொழுப்பு வெள்ளையாக ரப்பர் மாதிரி நின்றது. உப்பு வாயில் வைக்க முடியவில்லை. 74 வயது அத்தை, இரத்த அழுத்தத்துக்கு மாத்திரை சாப்பிடுகிறவர், பேரன் செய்தது என்று ஒரு வாய் எடுத்துவிட்டுத் தட்டை மெதுவாக நகர்த்தி வைத்தார். அவன் ஒன்றும் சொல்லாமல் எழுந்து போய்விட்டான். எனக்கு அது இன்னும் ஆறவில்லை.

சமைத்துப் பழகினவர்களுக்கு இது ஆபத்தில்லை. அரை டீஸ்பூன் என்று பார்த்ததும் கை தானாகக் குறைத்துக்கொள்ளும். புதிதாக அடுப்பு முன்னால் நிற்கிறவர்களுக்கு அந்தக் கை கிடையாது, அச்சில் இருப்பதுதான் அவர்களுக்கு வேதம். குறிப்பு யாருக்காக எழுதப்படுகிறதோ அவர்களைத்தான் அது கவிழ்க்கிறது.

முதலில் உப்பு. அரை டீஸ்பூன் என்றால் ஏறக்குறைய 3 கிராம். உலக சுகாதார நிறுவனம் பெரியவர்களுக்கு ஒரு நாள் முழுவதற்கும் சொல்வதே 5 கிராமுக்குள். பேக்கன் என்பது உப்பில் ஊறிய பன்றி இறைச்சி, 100 கிராமில் 2 கிராமோ அதற்கு மேலோ உப்பு இருக்கும். செடார் சீஸ் 30 கிராம் போட்டால் அதிலேயே அரை கிராம் வந்துவிடும். இரண்டும் சேர்ந்தாலே முட்டைக்கு வேண்டிய உப்பு தாராளமாக ஆகிவிட்டது, மேலே ஒரு சிட்டிகைகூடத் தேவையில்லை. பாக்கெட்டின் பின்பக்கம் சோடியம் என்று போட்டிருப்பதை 2.5ஆல் பெருக்கினால் உப்பின் அளவு தெரியும், என் மகனுக்கு இப்போது அந்தக் கணக்கு பாடம். இந்த நாட்டில் ரொட்டி, பதப்படுத்திய இறைச்சி, சிப்ஸ் மாதிரி பொருட்களில் இவ்வளவுக்கு மேல் உப்பு இருக்கக் கூடாது என்று சட்டமே போட்டு 2016 ஜூன் முதல் நடைமுறைக்குக் கொண்டுவந்தார்கள். அரசாங்கம் ஆலைக்காரர்களிடம் கிராம் கணக்குப் பார்க்கும்போது நம் சமையல் பக்கம் அரை டீஸ்பூனை இவ்வளவு சாதாரணமாக எழுதலாமா?

இரண்டாவது, பச்சைப் பேக்கன். எழுதியவர் அதைச் சாப்பிடத் தயாராக வருகிற சாசேஜ் மாதிரி நினைத்துவிட்டார் போலிருக்கிறது. உப்பிட்டுப் புகை காட்டியிருந்தாலும் கடையில் நாம் வாங்குகிற பேக்கன் பெரும்பாலும் பச்சை இறைச்சிதான், அதைத் தனியாக நன்றாக வேகவைத்தே ஆக வேண்டும். முட்டைக்குள் புதைத்துவிட்டால் முட்டை இறுகுகிற நேரம் பேக்கனுக்குப் போதாது. இந்த விஷயத்தில் நாங்கள் கொஞ்சம் அதிகமாகவே பயப்படுவோம். 2017, 2018இல் இங்கே போலனி என்கிற பதப்படுத்திய இறைச்சியிலிருந்து லிஸ்டீரியா கிருமி பரவி ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்களுக்கு நோய் வந்து இருநூறுக்கும் மேல் செத்துப்போனார்கள். அந்த மாதங்களில் குளிர்பெட்டியைத் திறந்து பாக்கெட் பாக்கெட்டாகத் தூக்கிப் போட்ட தெரு இது.

மூன்றாவது, தீ. முட்டை வெள்ளை 60 டிகிரி தாண்டினதுமே இறுக ஆரம்பிக்கும், மஞ்சள் 65லிருந்து 70க்குள் இறுகிவிடும். அதற்கு மேல் காய்ச்சினால் முட்டை சுருங்கித் தன்னிடம் இருக்கிற தண்ணீரை வெளியே பிழிந்துவிடும். கால் கப் பாலும் சேர்ந்தால் தட்டில் குளம்தான். பால் வேண்டவே வேண்டாம்.

சரி, எப்படிச் செய்வது? அடுத்த ஞாயிறு அவனும் நானும் சேர்ந்து செய்ததைச் சொல்கிறேன். இரண்டு பேருக்கு மூன்று முட்டை, மூன்று துண்டு ஸ்ட்ரீக்கி பேக்கன், ஒரு கைப்பிடி சீஸ். ஸ்ட்ரீக்கி என்றால் வயிற்றுப் பகுதி, கொழுப்பும் சதையும் வரிவரியாக இருக்கும். பேக்கனைக் கத்தரிக்கோலால் விரல் அகலத்துக்கு வெட்டி, அடுப்பைப் பற்றவைக்கும் முன்பே ஆறிய தவாவில் பரப்பிவிட வேண்டும். எண்ணெய் வேண்டாம். இதுதான் முழு ரகசியம்: தவாவும் பேக்கனும் ஒன்றாகச் சூடேறினால் கொழுப்பு மெல்ல உருகி வெளியே வரும், அந்தக் கொழுப்பிலேயே பேக்கன் மொறுமொறுப்பாகும். சூடான தவாவில் போட்டால் வெளியே கருகி உள்ளே கொழுப்பு அப்படியே நிற்கும். சிம்முக்குக் கொஞ்சம் மேலே தீயை வைத்து ஐந்தாறு நிமிடம், அவ்வளவுதான்.

பேக்கனை எடுத்துக் காகிதத்தில் போட்டுவிட்டு, உருகிய கொழுப்பில் ஒரு டீஸ்பூன் மட்டும் தவாவில் விட்டு மீதியை ஒரு பழைய டம்ளரில் ஊற்றி வையுங்கள். தொட்டியில் ஊற்றிவிடாதீர்கள், குழாயில் உறைந்து அடைத்துக்கொள்ளும். அந்தக் கொழுப்பில் ஒரு சின்ன வெங்காயமும் ஒரு பச்சை மிளகாயும் வதங்கட்டும். அதற்குள் முட்டையை மிளகுத்தூளோடு முள்கரண்டியால் அடித்து ஊற்றி, ஓரம் வெந்ததும் அதை நடுவை நோக்கி இழுத்து, தவாவைச் சாய்த்து வேகாததை ஓரத்துக்கு ஓட விடுங்கள். மேல்பக்கம் கொஞ்சம் ஈரமாகப் பளபளக்கும்போதே பாதிப் பக்கத்தில் பேக்கனும் சீஸும் மல்லித்தழையும் தூவி (இங்கே டர்பனில் மல்லித்தழையைத் தனியா என்றுதான் சொல்வார்கள்), மடித்து, அடுப்பை அணைத்து ஒரு நிமிடம் மூடி வைத்தால் போதும். தவாவின் சூட்டிலேயே சீஸ் உருகிவிடும். கர்ப்பமான பெண்களுக்கும் வயதானவர்களுக்கும் செய்தால் மட்டும் மடிக்கும் முன் ஈரம் முழுக்கப் போகிறவரை வேகவிடுங்கள்.

சீஸைக் கட்டியாக வாங்கித் துருவுவது நல்லது. துருவிப் பாக்கெட்டில் வருவதில் ஒட்டாமல் இருக்க மாவுப்பொருள் தூவியிருப்பார்கள், அது சட்டென்று உருகாது. ஊரில் கியூபாகக் கிடைக்கிற சீஸும் நன்றாகவே உருகும், ஆனால் அதில் உப்பு இன்னும் தூக்கல், பாதி போட்டால் போதும்.

பன்றி சாப்பிடாதவர்களுக்கு இங்கே மேக்கன் என்று ஒன்று விற்கிறார்கள். மட்டனும் பேக்கனும் சேர்ந்து வந்த பெயர் என்றாலும் பல பாக்கெட்டில் உள்ளே இருப்பது மாட்டிறைச்சி, மாடு தொடாத வீட்டுக்காரர்கள் பெயரை நம்பாமல் பின்பக்கம் வாசித்துவிட்டு வாங்குங்கள். அதில் கொழுப்பு குறைவு, ஒரு ஸ்பூன் எண்ணெய் விட வேண்டியிருக்கும். அத்தைக்கு இரண்டுமே ஆகாது என்பதால் வேறு தவாவில் வெங்காயமும் கொஞ்சம் சீஸும் மட்டும் போட்டுச் செய்தோம்.

இதைத் தினமும் சாப்பிடச் சொல்லி நான் எழுதவில்லை. பதப்படுத்திய இறைச்சி புற்றுநோய் உண்டாக்கும் என்று 2015இலேயே உலக சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வு அமைப்பு வகைப்படுத்திவிட்டது. எங்கள் வீட்டில் மாதம் ஒன்றிரண்டு தடவைதான். அபூர்வமாகச் செய்கிறது என்பதால்தான் அது கெட்டுப்போகும்போது மனசுக்குக் கஷ்டமாக இருக்கிறது. 2023இல் பறவைக் காய்ச்சல் வந்து இங்கே கோழிகளைக் கூட்டம் கூட்டமாக அழித்தபோது கடைகளில் ஆளுக்கு இத்தனை முட்டைதான் என்று கட்டுப்பாடு வைத்தார்கள், அதற்கப்புறம் ஒரு முட்டையைக் குப்பையில் போடக்கூட எனக்குக் கை வருவதில்லை.

உங்களிடம் கேட்பது இரண்டுதான். அந்தக் குறிப்புக்கு அதே பக்கத்தில், கண்ணில் படுகிற இடத்தில் திருத்தம் போடுங்கள்: உப்பும் பாலும் கூடாது, பேக்கனைத் தனியாக வேகவைக்க வேண்டும், தீ குறைவாக இருக்க வேண்டும். இனி வரும் குறிப்புகளை அச்சுக்குப் போகும் முன் யாராவது ஒருவர், முடிந்தால் சமையல் அதிகம் தெரியாத ஒருவர், எழுதியபடியே ஒரு தடவை செய்து பார்க்கட்டும். ஒருவர் பெயரைத் தப்பாகப் போட்டால் மறுநாளே திருத்துகிறீர்கள். உப்பு அளவுக்கும் அந்த மரியாதை வேண்டும்.

இரண்டாவது ஞாயிறு செய்த ஆம்லெட்டை அத்தை முழுசாகச் சாப்பிட்டார். அதன் செய்முறையை மகன் இப்போது தன் கையால் தமிழில் எழுதிக்கொண்டிருக்கிறான். 'மொறுமொறுப்பு' என்ற சொல்லில் எத்தனை று என்று கேட்டு இன்று மட்டும் மூன்று தடவை வந்துவிட்டான். முடித்ததும் உங்களுக்கு அனுப்புகிறோம், இடம் இருந்தால் போடுங்கள்.

இப்படிக்கு,
ஒரு வாசகி,
சாட்ஸ்வொர்த், டர்பன்