ஆட்ரி லார்ட் பற்றி எழுதும் உறுப்பினர்கள் கவனத்திற்கு

அனைவருக்கும் வணக்கம். அமெரிக்கக் கவிஞரும் போராளியுமான ஆட்ரி லார்ட் குறித்த குறிப்புகளை அனுப்பும் முன் இதைப் படித்துவிடுங்கள்.

1934இல் நியூயார்க்கில் பிறந்தவர். பெற்றோர் கரீபியத் தீவுகளிலிருந்து வந்தவர்கள். நூலகராக இருந்து ஆசிரியரானவர். 1981 முதல் ஹன்டர் கல்லூரியில் பேராசிரியர். இதை இரண்டு வரியில் முடிக்கலாம்.

அதிகம் தவறு நடப்பது வாஷிங்டன் பேரணிகளைப் பற்றி எழுதும்போதுதான். அவை இரண்டு. 1979 அக்டோபர் 14இல் நடந்தது தன்பாலீர்ப்பாளர் (தம் பாலினத்தவர் மீதே ஈர்ப்பு கொண்டவர்கள்) உரிமைப் பேரணி. 1983 ஆகஸ்ட் 27இல் நடந்தது, மார்ட்டின் லூதர் கிங் உரையாற்றிய பேரணியின் 20ஆம் ஆண்டு நிகழ்வு. இரண்டிலும் லார்ட் பேசினார். இரண்டாவதில் தன்பாலீர்ப்பாளர் சார்பில் யாரும் பேச முதலில் இடம் தரவில்லை. உள்ளிருப்புப் போராட்டமும் கைதுகளும் நடந்த பிறகே சில நிமிடங்கள் கிடைத்தன. இதைத் தயவுசெய்து விட்டுவிடாதீர்கள். நிறவெறியை எதிர்த்த மேடையிலேயே இடத்துக்காகப் போராட வேண்டியிருந்தது என்பதுதான் அவர் வாழ்க்கையின் மையம்.

1984இல் பெர்லின் சுதந்திரப் பல்கலைக்கழகத்தில் வருகைப் பேராசிரியராகக் கற்பித்தார். அங்கிருந்த கறுப்பினப் பெண்களோடு பேசியதில்தான் கறுப்பின ஜெர்மானியரைக் குறிக்கும் 'ஆஃப்ரோ-ஜெர்மன்' என்ற பெயரே பிறந்தது. இதற்கு ஒரு முழுப் பத்தி கொடுங்கள்.

சொல் விஷயம்: 'ஓரினச்சேர்க்கை' வேண்டாம், அது ஒரு மனிதரை உடலுறவாகச் சுருக்கிவிடும். 'தன்பாலீர்ப்பு' என்றே எழுதுங்கள். 'திருநங்கை' என்பது முற்றிலும் வேறு. கறுப்பினத்தவர், லெஸ்பியன், தாய், போராளி, கவிஞர் என்று எல்லாவற்றையும் சேர்த்தே அவர் தன்னைச் சொல்லிக்கொள்வார். இடம் போதவில்லை என்று வெறும் 'கவிஞர்' ஆக்கிவிடாதீர்கள்.

மறைவு: 1992 நவம்பர் 17, கரீபியக் கடலின் செயின்ட் க்ராய் தீவு, புற்றுநோய்.