பின்வாசல் வழியாக எபேசு

அன்புத் தோழிக்கு,

உன் கடிதம் வந்தபோது நாங்கள் கடலில் இருந்தோம். திரும்பி வந்து, பெட்டியைக் காலி செய்து, இவருடைய முழங்கால் வீக்கம் வடிந்த பிறகு இன்றுதான் பேனாவைத் தொடுகிறேன். பணி ஓய்வு பெற்றுவிட்டாய் என்று படித்ததும் எனக்குச் சிரிப்புதான் வந்தது. "இனிப் பொழுது எப்படிப் போகும்" என்று ஒரு பக்கம் முழுக்கப் புலம்பிவிட்டு, அடுத்த பக்கத்தில் கப்பல் பயணத்துக்கு முன்பணம் கட்டியாகிவிட்டது என்று எழுதியிருக்கிறாயே, உன்னை என்ன சொல்ல!

துறைமுகத்தில் இறங்கியதும் கப்பல்காரர்கள் நடத்தும் சுற்றுலாவில் போவதா, நாமே வண்டி பிடித்துக்கொள்வதா என்று கேட்டிருந்தாய். இதைக் கேட்பது நீ! கல்லூரிச் சுற்றுலாவில் கொடி பிடித்தவர் பின்னால் ஆட்டுமந்தை மாதிரி போகமாட்டோம் என்று நாம் இரண்டு பேரும் நழுவியது நினைவிருக்கிறதா? பஸ் முக்கால் மணி நேரம் நமக்காக நின்றது. ஊர் திரும்பும்வரை ஒருத்தரும் நம்மோடு பேசவில்லை. அந்த வீம்பை நான் நாற்பது வருஷம் காப்பாற்றி வைத்திருந்தேன். இந்தப் பயணத்தில் விட்டுவிட்டேன்.

முதலில் ஒரு விஷயம். பயணத் திட்டத்தில் எழுதியிருக்கும் ஊர்ப்பெயரை நம்பாதே. 'ரோம்' என்று போட்டிருப்பார்கள். கப்பல் நிற்பது சிவிட்டவெக்கியா என்ற துறைமுகத்தில், ரோமுக்கு 70 கிலோமீட்டருக்கு மேல். 'ஃபிளாரன்ஸ்' என்றால் லிவோர்னோ, அது இன்னும் தூரம். ஏதென்ஸ் பரவாயில்லை, பிரேயஸ் துறைமுகத்திலிருந்து மெட்ரோ ரயிலிலேயே போய்விடலாம். பார்க்க வேண்டியது பக்கத்தில் இருந்தால் உன் காலை நம்பு, தூரத்தில் இருந்தால் கப்பல்காரர்களை நம்பு, அவ்வளவுதான் என் கணக்கு. ஏன் என்றால், அவர்கள் ஏற்பாட்டில் போன பஸ் தாமதமானால் கப்பல் காத்திருக்கும். காத்திருக்க முடியாமல் போனாலும் அடுத்த துறைமுகத்தில் கொண்டுபோய்ச் சேர்ப்பது அவர்கள் பொறுப்பு. நீயாகப் போய்த் தாமதமானால் கப்பல் கிளம்பிவிடும். அப்புறம் அடுத்த ஊருக்கு உன் செலவில், உன் பாட்டில் போய்ச் சேர வேண்டியதுதான். வெளியே விலை குறைவு, கூட்டமும் குறைவு, அதெல்லாம் உண்மைதான். சில தனியார் வண்டிக்காரர்களும் நேரத்துக்குக் கொண்டுவந்து விடுவதாக உத்தரவாதம் தருகிறார்கள். ஆனால் மூட்டு வலிக்காரரைக் கூட்டிக்கொண்டு அந்தப் பரீட்சையை எழுத எனக்குத் தைரியம் வரவில்லை.

கிரேக்கத் தீவான சான்டோரினி மாதிரி இடத்தில் இன்னொரு கணக்கு. கப்பல் கரையை ஒட்டி நிற்காது, நடுத்தண்ணீரில் நின்று சின்னப் படகில் இறக்கிவிடும். டெண்டர் படகு என்பார்கள். கப்பல் சுற்றுலாவில் சேர்ந்தவர்களுக்கு அதில் முன்னுரிமை. மற்றவர்கள் பிறகு இறங்கி, மலை உச்சியில் இருக்கும் ஊருக்குக் கேபிள் கார் வரிசையில் நிற்க வேண்டும், இல்லையென்றால் ஐந்நூற்றுச் சொச்சம் படி ஏற வேண்டும். கழுதையும் உண்டு. பாவம், அதன் முகத்தைப் பார்த்தால் ஏற மனசு வராது.

நான் எழுத வந்தது குஷாதாசியைப் பற்றி. துருக்கியில் ஏஜியன் கடற்கரை ஊர். துருக்கிய மொழியில் 'குஷ்' என்றால் பறவை, 'அதா' என்றால் தீவு. அங்கிருந்து சுமார் 20 கிலோமீட்டரில் எபேசு என்ற பழைய நகரத்தின் இடிபாடுகள். ஆமாம், வேதபாட வகுப்பில் 'எபேசியர்' என்று உச்சரிக்கத் தடுமாறினாயே, அதே எபேசு.

காலை ஏழேகாலுக்குக் கப்பலின் நாடக அரங்கில் கூடச் சொன்னார்கள். வாசலில் ஒரு பெண் ஒவ்வொருவர் சட்டையிலும் வட்டமான ஸ்டிக்கரை ஒட்டினாள். எங்களுக்கு 17. ஒட்டிய நிமிஷத்திலிருந்து எங்களுக்குப் பெயர் கிடையாது. "பதினேழு, எழுந்திருங்கள்" என்றதும் நாற்பது பேர் எழுந்தோம். இவர் என் காதில், "ரேஷன் கடை டோக்கன் மாதிரி இருக்கு" என்றார். இறங்கு பாலத்தில் கப்பலில் கொடுத்த அட்டையை வைத்தால் 'பீப்' என்று ஒரு சத்தம், திரையில் நம் முகம். யார் இறங்கினார்கள், யார் திரும்பவில்லை என்பது அவர்களுக்கு அந்தச் சத்தத்தில்தான் தெரிகிறது.

எங்கள் வழிகாட்டி ஐம்பது வயதிருக்கும் பெண். துருக்கியில் அரசு உரிமம் இல்லாமல் யாரும் வழிகாட்டியாக வேலை செய்ய முடியாது. அவர் கழுத்திலும் அந்த உரிம அட்டை தொங்கியது. ஆளுக்கொரு காதுக்கருவி கொடுத்தார். அது பெரிய வரம். அவர் கத்த வேண்டியதில்லை, நாம் முட்டிமோதிக்கொண்டு முன்னால் நிற்க வேண்டியதில்லை. நூறடி பின்தங்கிப் போனாலும் பக்கத்தில் நடந்து வருகிறவர் பேசுவது போலக் காதில் விழுகிறது. ஆட்டுமந்தை என்றேனே, இந்தக் கருவி இருந்தால் மந்தையை விட்டு விலகியே மேயலாம்.

முதலில் மலைமேல் இருக்கும் மரியன்னை வீட்டுக்கு. இயேசுவின் தாய் கடைசிக் காலத்தில் வாழ்ந்த இடம் என்று நம்புகிறார்கள். ஒரு ஜெர்மன் கன்னியாஸ்திரீ கண்ட காட்சிகளை வைத்துக்கொண்டு 19ஆம் நூற்றாண்டில் தேடிக் கண்டுபிடித்தார்களாம். 1967, 1979, 2006 என்று மூன்று போப்பாண்டவர்கள் வந்து போயிருக்கிறார்கள். சின்னக் கல் கட்டடம். நாங்கள் உள்ளே இருந்தது ஒரு நிமிஷம்கூட இருக்காது, வரிசை தள்ளிக்கொண்டு போய்விட்டது. வெளியே சுவர் முழுக்க வேண்டுதல் துணிகள் முடிச்சு முடிச்சாக. என்னுடன் வந்த ஒரு முஸ்லிம் அம்மாவும் கைக்குட்டையைக் கிழித்து ஒன்று கட்டினார்.

பிறகு எபேசு. பஸ் மேல்வாசலில் இறக்கிவிட்டு, கீழ்வாசலில் வந்து காத்திருக்கும். முழுக்க இறக்கம்தான் என்று விளம்பரத்தில் போட்டிருந்தார்கள். அது உண்மை. போடாமல் விட்டது, அந்த இறக்கம் முழுக்க ஈராயிரம் வருஷம் தேய்ந்த பளிங்கு என்பதை. வழவழவென்று சோப்புப் போட்டது மாதிரி. வழுக்காத செருப்பு போட்டுக்கொள், தொப்பி எடுத்துக்கொள், நிழல் என்று ஒன்று அங்கே கிடையாது. இந்த மூன்றையும் எழுதாமல் விட்டால் இந்தக் கடிதத்தால் உனக்குப் பயனே இல்லை.

குரேட்டஸ் தெரு என்று அதற்குப் பெயர். இரண்டு பக்கமும் உடைந்த தூண்கள், ஹாட்ரியன் கோயில், வரிசையாக ஓட்டை போட்ட பளிங்குப் பலகையாகப் பொதுக் கழிப்பறை. (நாற்பது பேரும் அதிகம் படமெடுத்தது இதைத்தான். வெட்கமாக இருந்தது, நானும் இரண்டு எடுத்தேன்.) தெரு திரும்பும் இடத்தில், கீழே செல்சஸ் நூலகம். அதைப் படத்தில் நீ பார்த்திருப்பாய். ரோமானிய ஆளுநராக இருந்த செல்சஸின் நினைவாக அவர் மகன் இரண்டாம் நூற்றாண்டில் கட்டத் தொடங்கியது. அப்பாவின் கல்லறை நூலகத்துக்கு அடியிலேயே இருக்கிறது. நாம் பார்க்கிற முகப்பு விழுந்து நொறுங்கிக் கிடந்தது. ஆஸ்திரியத் தொல்லியலாளர்கள் 1970களில் துண்டு துண்டாகச் சேர்த்து நிமிர்த்தியிருக்கிறார்கள். கிழக்குப் பார்த்த கட்டடம், படிக்கிறவர்களுக்குக் காலை வெளிச்சம் வேண்டும் என்று. நாங்கள் போனபோதும் வெயில் நேராக அதன் முகத்தில் விழுந்தது.

அங்கே பதினைந்து நிமிஷம் விட்டார்கள். நான் படம் எடுக்கவில்லை. எதிரே ஒரு கல்லில் உட்கார்ந்தேன். ஒரு பூனை வந்து என் கைப்பையின் மேல் படுத்துக்கொண்டது. எபேசு முழுக்கப் பூனைகள்தான் குடியிருக்கின்றன. வழிகாட்டியும் வந்து என் பக்கத்தில் உட்கார்ந்து, காதுக்கருவியை அணைத்துவிட்டு, தண்ணீர் குடித்தார். "நல்ல வேளை, நீங்கள் கேள்வி கேட்கவில்லை" என்றார். இரண்டு பேரும் சிரித்தோம். பிறகு அவராகவே, "உங்கள் எல்லோரையும் நான் பின்வாசல் வழியாகத்தான் கூட்டிவருகிறேன், தெரியுமா?" என்று கேட்டார்.

என்ன அர்த்தம் என்று பெரிய அரங்கத்துக்கு வந்த பிறகு புரிந்தது. சுமார் 25,000 பேர் உட்காரக்கூடிய அரங்கம். அப்போஸ்தலர் பவுலுக்கு எதிராகக் கூட்டம் கூடி, "எபேசியருடைய தியானாளே (ஆர்ட்டெமிஸ் தேவிதான்) பெரியவள்" என்று இரண்டு மணி நேரம் கத்தியது இங்கேதான். அதன் எதிரே நேராக ஒரு அகலமான தெரு, அரைக் கிலோமீட்டர் நீளம், இரண்டு பக்கமும் தூண்கள். இரவில் விளக்கேற்றி வைத்திருந்த தெருவாம். அது போய் முடிகிற இடத்தில் ஒன்றுமில்லை. புதர், நாணல், அதற்கப்பால் தட்டையான பச்சை.

"அதுதான் துறைமுகம்" என்றார் வழிகாட்டி.

இப்போது கடல் அங்கிருந்து பல கிலோமீட்டர் தள்ளி இருக்கிறது. கெய்ஸ்டர் ஆறு வண்டலைக் கொண்டுவந்து கொட்டிக் கொட்டித் துறைமுகத்தையே தூர்த்துவிட்டது. பெர்கமம் நாட்டு அரசன் அட்டாலஸ் ஒரு யோசனை செய்தானாம்: துறைமுகத்தின் வாயைக் குறுக்கினால் ஆழம் கூடும், பெரிய கப்பல் வரும் என்று அணை கட்டச் சொன்னான். நடந்தது தலைகீழ். அதுவரை கடல் ஏறி இறங்கும்போது இழுத்துக்கொண்டு போன வண்டலும் உள்ளேயே தங்கிவிட்டது. ஸ்ட்ராபோ என்ற பழைய புவியியலாளர் எழுதி வைத்திருக்கிறார். அதற்கப்புறம் எத்தனையோ முறை தூர்வாரியும் பார்த்திருக்கிறார்கள், ஆறு விடவில்லை. கப்பல் வராத ஊரில் யார் இருப்பார்கள்? மெல்ல மெல்லக் காலியாகிவிட்டது.

அந்தக் காலத்தில் கப்பலில் வந்தவன் அந்தத் தெருவில் நடந்து, முதலில் அரங்கத்தைப் பார்த்து, அப்புறம் நூலகம், அப்புறம் மேலே ஏறியிருப்பான். நாங்களும் கப்பலில் வந்தவர்கள்தான். ஆனால் வேறு ஊரில் இறங்கி, பஸ் ஏறி, மலையைச் சுற்றி, மேலேயிருந்து கீழே வந்து, அவன் முதலில் பார்த்ததைக் கடைசியில் பார்த்தோம். தனியாக வந்திருந்தால் வழிகாட்டிப் புத்தகத்தை வைத்துக்கொண்டு ஒவ்வொரு தூணுக்கும் பெயர் தேடிக்கொண்டிருந்திருப்பேன். அந்த நாணல் புதரை நான் திரும்பியே பார்த்திருக்க மாட்டேன்.

ஆர்ட்டெமிஸ் கோயிலுக்குப் பஸ்ஸை நிறுத்தி ஐந்து நிமிஷம். பழைய உலகின் ஏழு அதிசயங்களில் ஒன்று. ரயில் நிலையங்களுக்கு வரைபடம் போட வந்த உட் என்ற ஆங்கிலேயர் 1863இல் தேடத் தொடங்கி 1869 டிசம்பர் 31 அன்று கண்டுபிடித்தாராம். இன்று இருப்பது ஒரு குட்டை, கிடைத்த துண்டுகளை அடுக்கி நிறுத்திய ஒற்றைத் தூண், அதன் உச்சியில் நாரைக் கூடு.

குறை சொல்லாமல் விட்டால் நான் நானில்லை. அத்தனை வேகமாக எங்களை ஓட்டினார்களே, கம்பளக் கடையில் மட்டும் முழுசாக ஐம்பது நிமிஷம்! ஆப்பிள் டீ கொடுத்து, பட்டுக்கூட்டிலிருந்து நூலெடுத்துக் காட்டி, இரட்டை முடிச்சு எப்படிப் போடுவது என்று ஒரு பெண் விரலைக் கண்ணால் பிடிக்க முடியாத வேகத்தில் போட்டுக் காட்டினாள். அதுவரை அழகுதான். அப்புறம் கதவைச் சாத்திவிட்டு ஒவ்வொரு கம்பளமாக விரிக்க ஆரம்பித்தார்கள். தலைக்கு ஒரு விற்பனையாளர். இவருக்குப் பக்கத்தில் வந்தவன், "அப்பா, உங்களுக்கு மட்டும் பாதி விலை" என்றான். இவர் முழங்காலைக் காட்டி, "இதை மாற்றத்தான் காசு வைத்திருக்கிறேன்" என்றார். அதன் பிறகு அவன் எங்கள் பக்கமே வரவில்லை. சுற்றுலாவைப் பதிவு செய்யும்போதே 'ஷாப்பிங்' என்று ஒரு சொல் எங்கேயாவது ஒளிந்திருக்கிறதா என்று படித்துவிடு. அந்த நேரத்தில் எபேசின் மலைச்சரிவில் அடுக்கடுக்காக இருக்கும் பழைய வீடுகளைப் பார்த்திருக்கலாம். பணக்காரர் வீடுகள், தரையில் மொசைக், சுவரில் ஓவியம் எல்லாம் அப்படியே இருக்கிறதாம். அதற்குத் தனிச்சீட்டு, எங்கள் சுற்றுலாவில் அது இல்லை.

நாலரைக்கு எல்லோரும் ஏறியிருக்க வேண்டும், ஐந்துக்குக் கப்பல் புறப்பாடு. நாங்கள் மூன்றேமுக்காலுக்கே திரும்பி, மேல்தளத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்தோம். நாலே முக்காலுக்கு மைக்கில் இரண்டு பெயர்களை மறுபடி மறுபடி கூப்பிட்டார்கள். கம்பி ஓரத்தில் கூட்டம் கூடிவிட்டது. ஐந்துக்கு எட்டு நிமிஷம் இருக்கும்போது, துறைமுகக் கோடியில் ஒரு ஆணும் பெண்ணும் ஓடி வந்தார்கள். அவர் கையில் சுருட்டிய கம்பளம். கீழே போடவும் மனசில்லை, தூக்கிக்கொண்டு ஓடவும் முடியவில்லை. மேலேயிருந்து எல்லோரும் கைதட்டி விசிலடித்தார்கள். நான் தட்டவில்லை. அந்தக் கல்லூரி பஸ்ஸின் படியில் நாம் இரண்டு பேரும் மூச்சிரைக்க ஏறியது ஞாபகம் வந்துவிட்டது. கடைசி நிமிஷத்தில் ஏறிவிட்டார்கள். ஆள் வராவிட்டால் அறைப் பெட்டகத்தைத் திறந்து பாஸ்போர்ட்டை எடுத்து, கரையில் இருக்கும் கப்பல் கம்பெனி ஏஜென்டிடம் கொடுத்துவிட்டுக் கிளம்பிவிடுவார்களாம், பணியாள் சொன்னான். இறங்கும்போது பாஸ்போர்ட் நகல், ஏஜென்ட் போன் நம்பர் இரண்டையும் பையில் வைத்துக்கொள். கடிகாரத்தைக் கப்பல் நேரத்திலேயே வை. கைப்பேசி தானாகக் கரை நேரத்துக்கு மாறிக்கொள்ளும், சில சமயம் இரண்டும் ஒன்றாக இருக்காது.

இவருக்கு அடுத்த மாதம் அறுவை சிகிச்சைக்குத் தேதி கொடுத்திருக்கிறார்கள். அது முடிந்து இவர் நடக்க ஆரம்பித்ததும் உன் வீட்டுக்கு வருகிறோம். நீ எந்தெந்தத் துறைமுகம் என்று பட்டியலை அனுப்பு, எது பக்கம், எது தூரம் என்று குறித்துத் தருகிறேன்.

ஊர் வந்து நாலு நாள் கழித்துத் துவைக்கப் போட்ட சட்டையில் அந்தப் பதினேழு ஒட்டிக்கொண்டே இருந்தது. உரித்து, கீழே ஒட்டியிருக்கிறேன், பார்.

என்றும் உன்,
பஸ்ஸைக் காக்கவைத்தவள்