நம் காட்டாற்றுக்கு ஒரே ஒரு படித்துறை: நன்கொடை வேண்டுகோள்

ஆற்றுக்கு வந்து போகிற எல்லோருக்கும் வணக்கம்.

நம் ஆறு சின்னது. அகலம் 10 மீட்டர் இருந்தாலே அதிகம். இரு கரை மரங்களின் கிளைகளும் நடுவில் வந்து தொட்டுக்கொள்வதால் உச்சி வெயிலிலும் தண்ணீர் குளுகுளுவென்று இருக்கிறது. குளிக்க, நீந்த, டியூபில் மிதக்க, பாறையில் சும்மா உட்கார என்று எல்லோரும் வருகிறோம். ஆனால் நாம் இறங்கும் விதமே இப்போது கரையைத் தின்றுகொண்டிருக்கிறது.

ஒற்றையடிப் பாதை கரை விளிம்பை ஒட்டியே போகிறது. அதிலிருந்து ஆளாளுக்கு ஓர் இடத்தில் சரிவில் இறங்குகிறோம். மிதிபட்ட மண் இறுகிவிட்டால் அங்கே புல்கூட முளைக்காது. அப்புறம் மழை வந்ததும் வேர்கள் வெளியே தெரிகின்றன, மண் ஆற்றுக்குள் போகிறது. கூழாங்கற்களின் இடுக்குகளை அந்த மண் அடைத்துவிடுகிறது. நீர்ப்பூச்சிகளின் குஞ்சுகள் ஒளிந்து வளர்வது அந்த இடுக்குகளில்தான். போன மழைக்காலத்தில் ஒரு பெரிய மரம் அப்படியே வேரோடு சாய்ந்ததைப் பார்த்திருப்பீர்கள்.

ஒரு மரம் போனால் நிழல் மட்டும் போவதில்லை. அடர்ந்த காட்டுக்குள் ஓடும் சிற்றாற்றில் வெயில் அதிகம் விழாது, அதனால் பாசியும் குறைவாகவே வளரும். அங்கே உயிர்களுக்கு முக்கியமான சாப்பாடு உதிர்ந்து விழும் இலைதான். தண்ணீரில் ஊறிய இலையைச் சில பூச்சிகள் கொறிக்கின்றன, மிஞ்சிய துகள் கீழே இருக்கும் உயிர்களுக்குப் போகிறது, பூச்சிகளை மீன்கள் தின்கின்றன. 1980இல் ராபின் வேனட்டும் சக ஆய்வாளர்களும் இதை ஆற்றின் தலைப்பிலிருந்து கடைசி வரை ஒரே தொடர்ச்சியாக விளக்கினார்கள். மேலே நாம் இழக்கும் மரத்தின் பாதிப்பு கீழேயும் தெரியும்.

அடுத்தது நம் பாதுகாப்பு. இதைக் கொஞ்சம் நிதானமாகப் படியுங்கள். ஆறு வளையும் இடத்தில் வெளிப்பக்கம் வேகமும் ஆழமும் அதிகம். உட்பக்கம் மணல் சேர்ந்து ஆழம் குறையும். இப்படிப்பட்ட ஆறுகளில் பொதுவாக அகலத்தைப் போல 5 முதல் 7 மடங்கு தூரத்துக்கு ஒரு மடு இருக்கும். அதாவது முழங்கால் தண்ணீரில் நடந்துகொண்டே போனால், 50, 60 மீட்டருக்குள் கால் எட்டாத இடம் வந்துவிடலாம். நீரின் வேகம் இரண்டு மடங்கானால் அது நம்மைத் தள்ளும் விசை நான்கு மடங்காகிறது. வேகமாக ஓடும் நீர் 15 செ.மீ. இருந்தாலே பெரியவரையும் சாய்த்துவிடும். இங்கே மழையே பெய்யாமல், மேலே காட்டில் பெய்தாலும் வெள்ளம் வரும். தண்ணீர் திடீரென்று கலங்கி, சருகும் சுள்ளியும் மிதந்து வந்தால் உடனே கரையேறிவிட வேண்டும். போன வருடம் வெளிவளைவில் ஒரு பையன் வழுக்கி விழுந்தான். பக்கத்தில் நின்றவர் துண்டை வீசி இழுத்ததால் பிழைத்தான். அன்றைக்கு அங்கே ஒரு கயிறுகூட இல்லை.

அந்தச் சம்பவத்துக்குப் பிறகுதான் நாங்கள் குழுவாகக் கூடினோம். மணல் சேரும் உள்வளைவில் ஒரே ஒரு கற்படித்துறை கட்ட வேண்டும். மற்ற இறங்குவழிகளை மூடி, தென்னை நார் விரிப்பு போட்டு, இந்தக் காட்டிலேயே வளரும் மரங்களின் கன்றுகளை நட வேண்டும். பாதையைக் கரையிலிருந்து உள்ளே தள்ளிப் போட வேண்டும். துறையில் நீர்மட்டம் காட்டும் அளவுப் பலகை, மிதவை வளையம், வீசு கயிறு வைக்க வேண்டும். சிமெண்ட் தடுப்புச் சுவர் கட்டலாம் என்று சிலர் சொன்னார்கள். நாங்கள் வேண்டாம் என்று முடிவு செய்தோம். சுவரில் மோதும் நீர் வேகம் குறையாமல் அடுத்த கரையைத்தான் அரிக்கும்.

கல், விரிப்பு, கன்று, கயிறு எல்லாவற்றுக்கும் பணம் வேண்டும். சிறிய தொகையானாலும் தாருங்கள், மறக்காமல் ரசீது வாங்கிக்கொள்ளுங்கள். வரவு செலவை மாதாமாதம் பாதையின் தொடக்கத்தில் ஒட்டுவோம். பணம் தர முடியாதவர்கள் ஒரு நாள் கல் சுமக்க வரலாம், நட்ட கன்றுகளைக் கவனித்துக்கொள்ளலாம். அதுவும் எங்களுக்கு நன்கொடைதான்.

நீர் வடிந்ததும் வேலை தொடங்கும். அதுவரை, மூடப்போகிற சரிவுகளில் சிவப்புத் துணி கட்டியிருக்கிறோம். தயவுசெய்து அந்த வழியாக இறங்காதீர்கள்.

இப்படிக்கு,
குழுவினர்