உட்கார ஓர் இடம் கொடுங்கள்

ஜகார்த்தா மாகாண ஆட்சியாளர்களுக்கு,

வணக்கம். 2022 ஜூலையில், சுதிர்மான் ரயில் நிலையத்தை ஒட்டிய டுக்கு அதாஸ் பகுதியில் நடந்ததை நீங்கள் மறந்திருக்க மாட்டீர்கள். ஜகார்த்தாவுக்கு வெளியே உள்ள சித்தாயம், போஜோங் கெடே, டெபோக் பக்கத்துப் பிள்ளைகள் ரயிலேறி வந்து, சாலையைக் கடக்கும் வெள்ளைக் கோடுகளையே மேடையாக்கி நடந்தார்கள். ‘சித்தாயம் ஃபேஷன் வீக்’ என்று ஊரே பேசியது.

அப்போது வேலை முடிந்து தினமும் அந்த வழியாகத்தான் போவேன். ஒரு பெண், பதினைந்து வயது இருக்கும். அண்ணனுடையதோ அப்பாவுடையதோ, தொளதொள கோட்டு. சிக்னல் விழுந்ததும் நடந்தாள். தோழி கைப்பேசியோடு பின்னாலேயே நடந்து படம் பிடித்தாள். பார்த்துவிட்டு ‘உலாங்!’ என்றாள். மறுபடியும் என்று அர்த்தம். நான் நின்ற நேரத்தில் அந்தப் பெண் நாலு முறை நடந்தாள். அந்த முகத்தில் இருந்த மகிழ்ச்சி இன்னும் கண்ணிலேயே நிற்கிறது.

அவர்கள் ஏன் அங்கே வந்தார்கள்? ரயிலில் முதல் 25 கிலோமீட்டருக்கு 3,000 ரூபியாதான், அப்புறம் ஒவ்வொரு 10 கிலோமீட்டருக்கும் 1,000. இறங்கினால் சைக்கிளில் காபி விற்கும் ‘ஸ்டார்லிங்’காரர் இருப்பார். ‘நொங்க்ரொங்’, அதாவது சும்மா கூடி உட்கார்ந்து பேசுவது, இந்த நாட்டுப் பிள்ளைகளுக்கு மூச்சு மாதிரி. மாலுக்குப் போனால் அதற்கே காசு வேண்டும்.

போக்குவரத்து நெரிசலும் குப்பையும் இருந்தது உண்மை. ஆனால் நீங்கள் கொடுத்த பதில் இரவு 10 மணிக்குக் கலைத்து அனுப்பியது. ‘சித்தாயம் ஃபேஷன் வீக்’ என்ற பெயரை வணிக முத்திரையாகப் பதிய ஒரு பிரபலத்தின் நிறுவனம் விண்ணப்பித்து, எதிர்ப்பு வந்ததும் பின்வாங்கியது. பிள்ளைகள் கையில் கடைசியில் ஒன்றும் மிஞ்சவில்லை.

2025இல் மென்டெங் போன்ற சில பூங்காக்களை 24 மணி நேரமும் திறந்துவைத்தீர்கள். நல்ல காரியம், மனதாரப் பாராட்டுகிறேன். ஆனால் சுதிர்மான் நிலையத்தில் நான் இறங்கும்போது, இன்றும் படிக்கட்டிலும் நடைபாதை ஓரத்திலும்தான் பிள்ளைகள் உட்கார்ந்திருக்கிறார்கள்.

சித்தாயமும் போஜோங் கெடேயும் மேற்கு ஜாவா மாகாணம், உங்கள் எல்லைக்குள் இல்லை, தெரியும். உங்கள் நகரத்துக்கு வேலைக்கு வந்துபோகிறவர்களில் இந்தப் பிள்ளைகளின் அப்பா அம்மாக்களும் உண்டு. சுதிர்மான் நிலையத்திலிருந்து நடக்கிற தூரத்தில் உட்கார ஓர் இடம், அங்கே நிழல், கழிப்பறை, குப்பைத்தொட்டி, சைக்கிள் காபிக்காரர் நிற்க ஒரு மூலை, இவ்வளவுதான் கேட்கிறேன். மேற்கு ஜாவா அரசோடு பேசி, சித்தாயம் நிலையத்துக்குப் பக்கத்திலும் ஒன்று அமைத்துக் கொடுங்கள். வரைபடம் போடும் முன் அந்தப் பிள்ளைகளில் பத்துப் பேரைக் கூப்பிட்டுக் கேளுங்கள்.

இப்படிக்கு,
சுதிர்மான் நிலையத்தில் தினமும் இறங்கும் ஒருவன்