பெரிய வீடும் இரவல் அண்டாவும்

ஆசிரியருக்கு வணக்கம்.

உங்கள் ஞாயிறு இணைப்பில் வந்த விமர்சனத்தை நம்பித்தான் அந்தக் கல்யாணக் கலாட்டாப் படத்துக்குப் போனோம். நான், என் மகள், 84 வயது மாமியார், மூன்று பேர். மகளுக்கு வைகாசியில் கல்யாணம். வீட்டில் ஒரு பக்கம் பத்திரிகைக் கட்டு, ஒரு பக்கம் சமையல்காரர் எழுதிக் கொடுத்த மளிகைப் பட்டியல், நடுவில் காரணம் சொல்லாமல் கோபித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கும் நாலு சொந்தக்காரர்கள். இந்த நேரத்தில் கல்யாணத்துக்கு முந்தின ஒரு வாரக் குளறுபடியை வைத்து ஒரு படம், அதுவும் நம்ம ஊர்ப் பக்கமே எடுத்தது என்றால் போகாமல் இருக்க முடியுமா? சிரித்தோம், இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் செட்டிநாட்டுக் கல்யாணத்தை அப்படியே கண்முன் நிறுத்தியிருக்கிறார்கள் என்று உங்கள் விமர்சகர் எழுதியிருந்தாரே, அதற்குத்தான் இந்தக் கடிதம்.

படம் பார்க்காதவர்களுக்காகக் கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். மாப்பிள்ளைப் பையனுக்குச் சென்னையில் வேலை போய்விட்டது, அதைப் பெண் வீட்டில் சொல்லவில்லை. சொந்தப் பெரியப்பா வந்தால் உளறிவிடுவார் என்று, கூட இருக்கும் நண்பனுக்கு நரை பூசி மலேசியாவிலிருந்து வந்த பெரியப்பா என்று கூட்டிவருகிறான். அந்தப் போலிப் பெரியப்பா பெண் வீட்டில் ஒரு வாரம் தங்குகிறார், சாப்பிடுகிறார், பஞ்சாயத்துப் பண்ணுகிறார். நகைப்பெட்டி மாறிப்போகிறது, அண்ணன்காரன் சந்தேகப்படுகிறான், கடைசியில் முகூர்த்தத்தன்று காலையில் எல்லாம் உடைகிறது. அவ்வளவுதான்.

நகரத்தார் வீடு, அதாவது நாட்டுக்கோட்டைச் செட்டியார் வீடு என்று படத்தில் வாய்விட்டுச் சொல்லவில்லை. ஆனால் ஆச்சி என்று கூப்பிடுகிறார்கள், எங்கள் தாலியான கழுத்துருவை இரண்டு தடவை கிட்டத்தில் காட்டுகிறார்கள், அப்புறம் வேறு யாராம்? அந்த வீட்டுத் திண்ணையில் மலேசியாப் பெரியப்பா வந்து உட்கார்ந்தால் முதல் காப்பி ஆறுவதற்குள் மூன்று கேள்வி வந்துவிடும்: எந்தக் கோயில், எந்த ஊர், யார் வீட்டுப் பிள்ளை? இளையாத்தங்குடி, மாத்தூர், வைரவன்பட்டி, நேமம், இலுப்பைக்குடி, சூரைக்குடி, வேலங்குடி, இரணியூர், பிள்ளையார்பட்டி என்று எங்களுக்கு ஒன்பதே கோயில், ஒவ்வொரு குடும்பமும் அதில் ஒன்றைச் சேர்ந்தது. ஒரே கோயில் என்றால் பங்காளி, அண்ணன் தங்கை முறை, பெண் கொடுத்து எடுப்பது கிடையாது. இளையாத்தங்குடியிலும் மாத்தூரிலும் மட்டும் உள்ளே பிரிவு பார்ப்பார்கள். மாப்பிள்ளையின் கோயில் தெரியாமல் பேச்சே ஆரம்பிக்காது. கோயில் தெரிந்துவிட்டால் அந்தக் கோயில்காரர் ஒருத்தராவது பெண் வீட்டுக்கு அயித்தானாகவோ அம்மானாகவோ இருந்தே தீருவார். அவர் வாயைத் திறந்து, "பினாங்கில் இருக்காகளே அந்தப் பெரியப்பாவா, அவுக போன ஐப்பசியிலேயே சிவபதவி அடைஞ்சுட்டாகளே" என்று சொல்லிவிட்டுப் பணியாரத்தைப் பிட்டு வாயில் போட்டுக்கொள்வார். படம் அங்கேயே முடிந்தது.

அதையும் தாண்டினால் கல்யாணத்துக்குக் கோயில் மாலை வரவேண்டும். மாலை வந்து புள்ளி சேர்ந்தால்தான் அந்த ஜோடி கோயில் கணக்கில் ஒரு குடும்பம். இசைபிடிமானம் என்கிற கல்யாண ஒப்பந்தம் எழுதும்போது இரண்டு வீட்டு ஊரும் பேரும் சத்தமாகப் படிப்பார்கள். ஆக, ஆள்மாறாட்டத்துக்கு எங்கள் பக்கம் வாசலே கிடையாது. இருக்கிற வாசல் வேறு.

சினிமாவில் லாஜிக் பார்க்கலாமா ஆச்சி என்று யாரும் கேட்கவேண்டாம். நானும் சினிமா பார்த்து வளர்ந்தவள்தான். இந்த மண்ணுக்குச் சினிமா புதிதும் இல்லை. ஏவி.எம். ஸ்டூடியோ சென்னைக்குப் போவதற்கு முன்னால் இங்கே தேவகோட்டை ரஸ்தாவில்தான் இருந்தது, 1947-இல் வந்த 'நாம் இருவர்' அங்கே எடுத்ததுதான். என் மாமியார் சின்னப் பிள்ளையாக அப்பச்சி (அப்பாவை அப்படித்தான் கூப்பிடுவோம்) தோளில் உட்கார்ந்து ஷூட்டிங் பார்க்கப் போனதாக இன்றும் சொல்வார், என்ன பார்த்தீர்கள் என்று கேட்டால் விளக்கு வெளிச்சம் கண்ணைக் கூசியது என்பதற்கு மேல் ஒன்றும் வராது.

ஏமாற்று வைத்துச் சிரிக்கவைப்பதில் 1964-இல் வந்த ஸ்ரீதரின் 'காதலிக்க நேரமில்லை'யை இன்னும் யாரும் தாண்டவில்லை. அதிலும் இதே போலிப் பெரிய மனுஷர்தானே, ரவிச்சந்திரனுக்காக முத்துராமன் பணக்கார அப்பா வேஷம் கட்டி வருவார். பாலையா ஏன் நம்புகிறார்? பணக்காரச் சம்பந்தம் வேண்டும் என்ற ஆசை அவர் கண்ணை மறைக்கிறது. ஏமாறுகிறவருக்குள்ளேயே ஏமாற ஒரு காரணம் இருக்கிறது, அதனால்தான் நாம் குற்ற உணர்ச்சி இல்லாமல் சிரிக்கிறோம். இந்தப் புதுப் படத்தில் பெண்ணின் அப்பா எதற்காக நம்புகிறார் என்று கடைசிவரை புரியவில்லை. நல்லவராம். நல்லவர் என்றால் கேள்வி கேட்கமாட்டாரா என்ன.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். கானாடுகாத்தான் பக்கம் அவ்வளவு பெரிய வீட்டை வாடகைக்கு எடுத்து, பர்மாத் தேக்குத் தூணையும் ஆத்தங்குடிக் கல்லையும் முட்டை வெள்ளைக்கரு கலந்து பூசிய, கண்ணாடி மாதிரி மின்னும் சுவரையும் சுற்றிச் சுற்றிக் காட்டினார்களே, அந்த வீடுதான் எங்கள் ஊரிலேயே பெரிய பொய் என்பது எப்படி அவர்கள் கண்ணில் படாமல் போயிற்று?

வெளியூர்க்காரர் வாசலில் நின்று முகப்பைப் பார்ப்பார், கோட்டை மாதிரி இருக்கும். உள்ளே வளவு என்கிற முற்றத்தைச் சுற்றி இருக்கும் அறைகளில் ஒருத்தருக்கு ஒரு இரட்டை வீடு, அதாவது ஒன்றுக்குள் ஒன்றாக இரண்டு அறை, அவ்வளவுதான் பங்கு. முகப்பு பொது, பட்டாலை பொது, ஒழுகுகிற கூரையும் பொது. ஓடு மாற்றவேண்டும் என்றால் பன்னிரண்டு வீட்டுக்குத் தகவல் சொல்லவேண்டும், அதில் ஒருத்தர் கோயம்புத்தூரில், ஒருத்தர் சிங்கப்பூரில், இன்னொருத்தர் பேசுவதையே நிறுத்தி இருபது வருஷம். கட்டினபோது பணம் பர்மாவிலிருந்து வந்தது. 1942-இல் ஜப்பான்காரன் உள்ளே வந்ததும் கடையைப் போட்டுவிட்டு ஓடிவந்தார்கள், 1948-இல் பர்மா சுதந்திரம் அடைந்த பிறகு மிச்சமிருந்த நிலமும் கையைவிட்டுப் போனது. வீடு மட்டும் அப்படியே நின்றது. அதற்கப்புறம் இந்த ஊரில் நடந்த எத்தனையோ கல்யாணங்களில் முகப்புதான் முதல் தரகர்.

என் கல்யாணத்தைச் சொல்கிறேன். 1990, ஆவணி. எங்களில் பெண்ணுக்குக் கொடுக்கும் சாமானை எல்லாம் பரப்பி வைக்கும் வழக்கம் உண்டு, வாசகர்கள் கேள்விப்பட்டிருப்பார்கள். அண்டா, தவலை, உருளி, தாம்பாளம், மங்குச் சாமான், எவர்சில்வர் தூக்கு, தயிர் கடையும் மத்துவரை வரிசை வரிசையாக இருக்கும். அந்த வருஷம் என் அப்பச்சிக்கு வியாபாரம் சரியாக இல்லை. வெள்ளியும் கழுத்துருவும் எப்படியோ தேற்றிவிட்டார், பித்தளைக்கு வழியில்லை. என் ஆத்தா ராவோடு ராவாகப் பெரியாத்தா வீட்டிலிருந்து பதினாலு சாமானை மாட்டு வண்டியில் இறக்கினாள், மேலே வைக்கோலைப் போட்டு மூடி.

ஆனால் ஒரு சிக்கல். எங்கள் பக்கம் பாத்திரம் என்றால் அதில் விலாசம் வெட்டியிருக்கும். கழுத்துக்குக் கீழே சிற்றுளியால் புள்ளி புள்ளியாகக் கொத்தி, வீட்டு முன்னெழுத்தும் பேரும் இருக்கும். எங்கள் விலாசம் ராம. கரு. அந்தப் பதினாலிலும் இருந்தது மெ. சித. தேய்த்தாலும் போகாது. புளி, செங்கல்பொடி, சாம்பல் என்று ஆத்தா எல்லாம் பார்த்தாள், தேய்க்கத் தேய்க்க எழுத்து இன்னும் பளபளவென்று தெரிந்ததுதான் மிச்சம். கடைசியில் பதினாலையும் சுவரோரம் கடைசி வரிசையில் வைத்து, எழுத்துப் பக்கத்தைச் சுவரைப் பார்க்கத் திருப்பினோம். முன்னால் எங்கள் சொந்த எவர்சில்வர். சின்னம்மா மகள் ஒருத்தியை அந்த மூலையில் காவலுக்கு உட்காரவைத்தோம், குழந்தைக்கு ஊஞ்சல் ஆட்டுகிற பாவனையில். ஊஞ்சலில் குழந்தை கிடையாது, தலையணை.

கல்யாணத்துக்கு இரண்டு நாள் முன்னால் மாப்பிள்ளையின் ஆத்தா, அதாவது என் மாமியார், கொட்டான் (ஓலைக்கூடை) எத்தனை வேண்டும் என்று கேட்கும் சாக்கில் வந்தார். நேரே கடைசி வரிசைக்குப் போனார். பெரிய அண்டாவின் வளையத்தைப் பிடித்துப் பாதி திருப்பினார். நான் இரண்டாம் கட்டு நிலையில் நின்று பார்த்துக்கொண்டிருக்கிறேன், எனக்கு நாக்கு ஒட்டிக்கொண்டது. அவர் குனிந்தபடியே கொஞ்ச நேரம் நின்றார். அப்புறம் அண்டாவைத் திரும்ப அதே மாதிரி வைத்துவிட்டு, "நல்ல கனமா இருக்கு" என்றார். அவ்வளவுதான். காப்பி குடித்துவிட்டுப் போய்விட்டார். அவர் எழுத்தைப் பார்த்தாரா இல்லையா என்று என் ஆத்தா சாகும்வரை எங்களுக்குத் தெரியாது. கேட்கவும் முடியாதே.

படம் முடிந்து ஆட்டோவில் வரும்போது என் மகள் இந்தக் கதையைச் சும்மா இழுத்தாள். "அப்பத்தா, அன்னைக்கு நீங்க அந்த எழுத்தைப் பாத்தீகளா இல்லையா, இப்பவாவது சொல்லுங்க." மாமியார் ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டே சொன்னார்: "பாக்காம என்ன? எனக்கு அப்பக் கண்ணு நல்லாத் தெரியும்ல."

"அப்புறம் ஏன் ஒண்ணும் சொல்லலை?"

"என்னத்தைச் சொல்றது? இவ அப்பச்சி நம்ம முகப்பைப் பாத்துட்டுத்தானே பொண்ணு குடுத்தாக. அந்த வீட்டுல நமக்கு எத்தனை பங்குன்னு நான் சொன்னேனா?"

ஆசிரியர் அவர்களே, 35 வருஷம் கழித்து, செக்காலைப் பக்கம் ஒரு சிக்னலில் நிற்கும்போது எனக்கு இது தெரிய வருகிறது. இருபத்திரண்டு புள்ளிக்குப் பொதுவான வீடு அது. கல்யாணமாகிப் போன பிறகுதான் எனக்கே தெரியும், அதை நான் ஒரு நாளும் வாய்விட்டுக் கேட்டதில்லை. இரண்டு பேரும் இரண்டு பொய்யைத் தூக்கிக்கொண்டு ஒரே சமையல்கட்டில் இத்தனை வருஷம் குழம்பு வைத்திருக்கிறோம். மலேசியாப் பெரியப்பா இல்லை, நரை பூசவில்லை. இதை ஒரு இயக்குநர் எடுக்கட்டுமே, நான் முதல் காட்சிக்குப் போகிறேன்.

இன்னொன்றும் சொல்லியாக வேண்டும், உங்கள் விமர்சகர் அதைத் தொடவே இல்லை. அண்டா பொய் வேறு, வேலை போனதை மறைப்பது வேறு. முகூர்த்தத்தன்று காலையில் உண்மை தெரிந்ததும் அந்தப் பெண் அழுகிறாள், பையன் மன்னிப்புக் கேட்கிறான், சரியாக ஒரு பாட்டு நேரத்தில் அவள் சிரித்துவிடுகிறாள். கொட்டகையில் கைதட்டல். எனக்குக் கை வரவில்லை. எங்கள் சொந்தத்திலேயே ஒரு பெண்ணுக்கு, மாப்பிள்ளைக்கு வெளிநாட்டில் நிரந்தர வேலை என்று சொல்லிக் கட்டிவைத்தார்கள். கையெழுத்திட்ட ஒப்பந்தம் முடிந்து அவன் ஊருக்கு வந்து நாலு மாதம் ஆகியிருந்தது, கூடவே கடனும். அவளுடைய நகை போன பிறகுதான் அவளுக்குத் தெரிந்தது. இன்று ஒரு தையல் மெஷினை வைத்துப் பிள்ளையைப் படிக்கவைக்கிறாள். அந்தப் பொய்யைத் தெரிந்துகொண்டே நல்ல நேரம் பார்த்துக் கொடுத்தவர்கள் எல்லாரும் இன்றும் விசேஷங்களில் முன்வரிசையில் உட்கார்ந்து சாப்பிடுகிறார்கள். ஆயிரம் பொய் சொல்லி ஒரு கல்யாணம் என்ற பழமொழியை உங்கள் விமர்சகர் கடைசியில் எடுத்துப் போட்டிருந்தார், அந்தப் பெண் முன்னால் அதைச் சொல்லிப் பார்க்கட்டும்.

அண்டாவைத் திருப்பி வைத்ததில் யாருக்கும் எதுவும் போகவில்லை, என் ஆத்தாவின் இரண்டு நாள் தூக்கத்தைத் தவிர. எந்தப் பொய்யில் யாருடைய கைமுதல் போகிறது என்று பார்த்துவிட்டுச் சிரிப்பதா வேண்டாமா என்று முடிவு செய்யலாம். ஸ்ரீதருக்கு அது தெரிந்திருந்தது.

அப்புறம் சின்னச் சின்னக் குறைகள்: நடுவீட்டில் கோலம் போடும் காட்சியில் பொடிக் கோலம் போடுகிறார்கள், நாங்கள் மாக்கோலம்தான் போடுவோம். உருளியில் பூவை மிதக்கவிட்டு வாசலில் வைத்திருக்கிறார்கள், அது ஹோட்டல் பழக்கம். அந்த உருளிகளில் ஒன்றில் விலாசம் வெட்டியிருந்தது திரையில் தெளிவாகத் தெரிந்தது, கேமராக்காரர் கவனிக்கவில்லை. முனீஸ்வரன் கோயில் தெருப் பழங்கடைகளில் போய்ப் பாருங்கள், இப்படி எத்தனை வீட்டு எழுத்து அடுக்கிக் கிடக்கிறது என்று. அது யார் வீட்டுக் கல்யாணத்துச் சாமானோ.

இப்படிக்கு,
உங்கள் நெடுநாள் வாசகி ஒருத்தி,
காரைக்குடி.

பின்குறிப்பு: பதினாலில் பதிமூன்று அடுத்த மாதமே பெரியாத்தா வீட்டுக்குத் திரும்பிவிட்டது. அந்தப் பெரிய அண்டாவை மட்டும் அவர்கள் கேட்கவும் இல்லை, நாங்கள் கொடுக்கவும் இல்லை. வைகாசியில் என் மகளுக்குப் பரப்பும்போது அதையும் வைக்கச் சொல்கிறார் மாமியார். எழுத்தை எந்தப் பக்கம் திருப்பி வைப்பது என்று இரண்டு நாளாகப் பேசிக்கொண்டிருக்கிறோம்.