கால் எங்கே? பழைய படங்களின் உரிமையாளர்களுக்கு ஒரு திறந்த மடல்

பழைய தமிழ்ப் படங்களின் வீடியோ உரிமையைக் கையில் வைத்திருப்போருக்கு, வணக்கம்.

சென்ற மாதம் அம்மாவோடு உட்கார்ந்து 1950களில் வந்த ஒரு கறுப்பு வெள்ளைப் படம் பார்த்தேன். டிஸ்க் உறையில் 'எச்.டி. தரம்' என்று கொட்டை எழுத்தில் போட்டிருந்தது. நடனக் காட்சி வந்தது. ஜதி கேட்கிறது, சலங்கை கேட்கிறது, ஆடுகிறவரின் கால் மட்டும் இல்லை. "கேமராக்காரர் காலையே எடுக்கலையா?" என்றார் அம்மா. அவர் எடுத்திருப்பார், வெட்டியது நீங்கள்.

அந்தக் காலப் படச் சட்டகத்தில், அதாவது ஃப்ரேமில், உயரம் 1 என்றால் அகலம் 1.37. இன்றைய டிவி 16:9, அதாவது 1.78. அகலத்தை நிரப்பினால் மேலும் கீழுமாக ஏறக்குறைய நான்கில் ஒரு பங்கு படம் வெளியே போய்விடும். கொண்டைப் பூ, பாதம், டைட்டிலில் கடைசி வரியில் வரும் உதவியாளர் பெயர் எல்லாம் அதோடு சரி. சிலர் வெட்டுவதில்லை, இழுக்கிறார்கள். கதாநாயகி ஒரே இரவில் பத்து கிலோ கூடிவிடுகிறார்.

சினிமாஸ்கோப் என்ற அகலத்திரைப் படங்களுக்கு நேர்ந்தது வேறு கொடுமை. தமிழில் அது 1973ல் 'ராஜராஜ சோழன்' படத்தோடு வந்தது. அந்த 2.35 அகலத்தைப் பழைய 4:3 டிவிக்குள் அடைத்தால் நாற்பது விழுக்காட்டுக்கு மேல் போயிற்று. ஓரத்தில் நின்று பேசுகிறவரின் மூக்கு மட்டும் தெரியும் விசிடிகளைப் பார்த்து வளர்ந்தவன் நான். அன்று டிவி சிறிசு, விசிடியில் மொத்தமே 352க்கு 288 புள்ளிகள். சரி, போகட்டும். இன்று என்ன சாக்கு?

படத்தை வெட்டாமல் காட்டினால் திரையின் ஓரத்தில் கறுப்புப் பட்டை தெரியும், ஜனங்கள் குறை சொல்வார்கள் என்பீர்கள். சொல்வார்கள்தான். அவர்கள் ரிமோட்டில் ஜூம் இருக்கிறது, நிரப்பிக்கொள்ளட்டும். போன காலை ஒட்டவைக்க எந்த ரிமோட்டிலும் பட்டன் இல்லை.

அப்புறம் இந்தச் 'சுத்தம் செய்வது'. கீறலையும் தூசியையும் எடுங்கள், புண்ணியமாகப் போகும். ஆனால் ஃபிலிமின் கிரெய்ன் அழுக்கு இல்லை. படமே அந்தப் பொடி மணிகளால் ஆனதுதான். அதை வழித்தெடுத்தால் முகத்தின் சுருக்கமும் பட்டுப்புடவையின் நெசவும் கூடவே போய், மெழுகு பொம்மைதான் மிஞ்சும். போதாததற்கு மூலையில் உங்கள் லோகோ, முதல் ரீலிலிருந்து வணக்கம் போடும்வரை.

பல படங்களுக்கு நெகடிவே மிஞ்சவில்லை என்பது தெரியும். கிடைக்கிற பிரிண்டையே ஸ்கேன் செய்யுங்கள், கோடு விழுந்திருந்தாலும் பரவாயில்லை. சட்டகம் முழுசாக இருக்கட்டும். எந்த அளவில் தருகிறீர்கள் என்று உறையின் பின்பக்கம் ஒரு வரி போடுங்கள். அதே படம் அப்படி வந்தால் மறுபடி காசு கொடுத்து வாங்குகிறேன். அம்மாவுக்கு அந்தக் கால்களைக் காட்டவேண்டும்.

இப்படிக்கு,
ஒரு ரசிகன்