நவம்பர் 29-க்கு முன்

ஈரோடு
நவம்பர் 9

அன்புள்ள கண்ணுக்கு,

இங்கே எல்லோரும் சௌக்கியம். மழை விட்டு விட்டுப் பெய்கிறது. அம்மா முருங்கைக்கீரைப் பொடி இடித்து வைத்திருக்கிறாள், டல்லாஸ் பக்கம் வருகிற ஆள் கிடைத்தால் கொடுத்துவிடுகிறேன். போனில் இரண்டு நிமிஷம் ஆவதற்குள் "சரிப்பா, வைக்கட்டுமா" என்கிறாய். அதனால்தான் எழுதுகிறேன். வேறொன்றும் விசேஷம் இல்லை.

தம்பிக்குப் பார்த்திருக்கும் பெண் வீட்டார் போன வாரம் வந்திருந்தார்கள். காபி குடிக்கும்போது, அக்கா டெக்ஸாஸில் பிசியோதெரபிஸ்ட் என்று இவன் ஆரம்பித்தான். சொன்னால் போதாதா? அந்த மாநில போர்டு வலைத்தளத்தில் பெயரைப் போட்டால் லைசென்ஸ் எண் முதற்கொண்டு யாரும் பார்க்கலாம் என்று போனை எடுத்துத் தேடினான். தேடியவன், சிக்னல் இல்லை என்று போனைச் சட்டைப்பைக்குள் போட்டுவிட்டான். அவர்கள் கிளம்பிப் போன பிறகு திண்ணையில் வைத்து எனக்கு மட்டும் காட்டினான். காலாவதி தேதி ஆகஸ்ட் 31 என்று இருந்தது.

வலைத்தளத்தில் ஏதாவது தப்பாக இருக்கலாம். நான் கேட்கவில்லை. ஆனால் இரண்டு வருஷத்துக்கு ஒரு தடவை, பிறந்த மாசத்தின் கடைசி நாளோடு லைசென்ஸ் முடியும் என்று நீதான் சொல்லியிருக்கிறாய். "என் பிறந்தநாளுக்கு டெக்ஸாஸ்காரன் கேட்கிற மொய் இது" என்று சிரித்தாய். இந்த ஆகஸ்டில் வாழ்த்துச் சொல்லக் கூப்பிட்டபோது மறுபடி பேசுகிறேன் என்றவள்தான், இன்னும் பேசவில்லை.

விதிகளைத் தம்பியைப் படித்துச் சொல்லச் சொன்னேன். காலாவதியாகித் தொண்ணூறு நாளுக்குள் என்றால் கட்டணம் ஒன்றரை மடங்கு. விரல் விட்டு எண்ணிப் பார்த்தேன், நவம்பர் 29. அதைத் தாண்டினால் இரண்டு மடங்கு. ஒரு வருஷம் ஓடிவிட்டால் புதுப்பிக்கவே முடியாதாம், சுற்று வழியில்தான் திரும்ப வாங்க வேண்டுமாம். பணம்தான் தடை என்றால் சொல், என்னிடம் பென்ஷன் இருக்கிறது. புதுப்பிக்கக் கேட்கிற படிப்பு யூனிட் முப்பது சேரவில்லை என்றால் வீட்டிலிருந்தே கம்ப்யூட்டரில் முடிக்கலாமே. சட்டத்தைப் பற்றிய அந்தச் சின்னப் பரீட்சை உனக்கு ஒரு பொருட்டா? மனிதக் கடத்தலில் சிக்கியவர்களை அடையாளம் காணும் பயிற்சியும் அப்படித்தான். மசாஜ் பண்ணுகிறவளுக்கு அது எதற்கு என்று முதலில் கேட்டு உன்னிடம் வாங்கிக் கட்டிக்கொண்டேன். அடைத்து வைத்து வேலை வாங்கப்படுகிறவர்கள் வெளியாள் யாரையாவது பார்க்க முடிகிறது என்றால் அது பெரும்பாலும் வைத்தியம் பார்க்கிறவர்களைத்தான் என்றாய். இப்போது ஏனோ அடிக்கடி அது ஞாபகம் வருகிறது.

ஒரு செவ்வாய்க்கிழமை இங்கே ராத்திரி ஒன்பதரைக்குக் கூப்பிட்டேன். அங்கே காலை பதினொன்று. நீ வீட்டில்தான் இருந்தாய், பின்னால் குக்கர் விசில் கேட்டது. லீவு என்றாய். அடுத்த செவ்வாயும் லீவு. மாப்பிள்ளை நன்றாக இருக்கிறாரா? பேரன் அப்புச்சியைக் கேட்கிறானா?

அப்பத்தா இடுப்பு எலும்பு உடைந்து ஆபரேஷன் முடிந்து வந்தபோது, பதினைந்தாயிரம் கிலோமீட்டர் தள்ளி உட்கார்ந்துகொண்டு வீடியோவில் படியேறச் சொல்லிக் கொடுத்தாயே. ஏறும்போது நல்ல கால் முதலில், இறங்கும்போது வலிக்கிற கால் முதலில். அப்பத்தா அதைக் கந்த சஷ்டி மாதிரி முணுமுணுத்துக்கொண்டே கொல்லைப்புறம் போய் வந்தாள். எனக்குத் தோள்பட்டை இறுகிக் கையைத் தூக்க முடியாமல் போனபோது, சுவரில் விரலை நடக்க விட்டு எட்டிய இடத்தில் தினம் பென்சில் கோடு போடச் சொன்னாய். சமையலறைக் கதவு பக்கத்தில் அந்தக் கோடுகள் ஏணி மாதிரி இன்னும் நிற்கின்றன. பொங்கலுக்கு வெள்ளையடித்தபோது அந்தச் சுவரை மட்டும் தொடவேண்டாம் என்றுவிட்டேன். இந்த வித்தையை அலமாரியில் வைத்துப் பூட்டுகிறவளா நீ? லைசென்ஸ் பரீட்சையில் முதல் தடவை 588 வந்து, பாஸ் மார்க் 600-க்குப் பன்னிரண்டு குறைந்தது என்று அழுதுவிட்டு, கைக்குழந்தையைத் தூங்க வைத்துவிட்டு மறுபடி படித்து, ஐந்து மணி நேரம் 250 கேள்விக்கு உட்கார்ந்து எழுதி வாங்கினது. அதைப் போய் இப்படி விடுவார்களா? கோபமாகத்தான் இருக்கிறது.

கோபப்பட எனக்கு யோக்கியதை இல்லை. அதை எழுதத்தான் உட்கார்ந்தேன், சுற்றி வளைத்துக்கொண்டிருக்கிறேன்.

2013-ல் உன் மதிப்பெண் பட்டியலும் சிலபஸும் அமெரிக்காவுக்கு அனுப்பச் சொல்லி நீ கூரியரில் போட்ட படிவம் ஜூன் 11-ம் தேதி வந்தது. கோயம்புத்தூர் போய் ஒரே வாரத்தில் பிரின்சிபால் கையெழுத்தும் சீலும் வாங்கினேன். பல்கலைக்கழகத்தில் பணம் கட்டிக் கொடுப்பது ஒன்றுதான் பாக்கி. அப்போது உன் மாமியார் போன் பண்ணினார். முதலில் ஒரு குழந்தை ஆகட்டும், பரீட்சை கிரீட்சை எல்லாம் பிறகு பார்த்துக்கொள்ளலாம், நீங்களே கொஞ்சம் தள்ளிப்போடுங்கள், அவளுக்குத் தெரிய வேண்டாம் என்றார். நான் சரி என்று சொல்லவில்லை. மாட்டேன் என்றும் சொல்லவில்லை. படிவத்தைப் பீரோவில் வேட்டிகளுக்கு அடியில் வைத்தேன். முப்பத்தாறு வருஷம் தபால் ஆபீஸில் வேலை பார்த்தவன், ஒருத்தர் கடிதத்தையும் ஒரு நாள்கூட நிறுத்தி வைத்ததில்லை.

வாரா வாரம் கேட்பாய், "என்னப்பா சொன்னாங்க?" கிளார்க் லீவு, பைல் மேலே போயிருக்கிறது என்று வாய்க்கு வந்ததைச் சொன்னேன். நீ அந்தப் பல்கலைக்கழகத்தைத் திட்டித் தீர்த்தாய். இன்றுவரை திட்டுகிறாய். அவர்கள் மேல் தப்பே இல்லை. நான் கொண்டுபோய்க் கொடுத்ததே அக்டோபர் கடைசியில்தான். அதற்குள் நீ முழுகாமல் இருந்தாய்.

இப்போதும் அதே மாதிரி யாராவது தள்ளிப்போடச் சொல்லி, நீ சரி என்றும் சொல்லாமல் மாட்டேன் என்றும் சொல்லாமல் இருக்கிறாயோ என்று பயமாக இருக்கிறது. நீயாகவே ஓய்வு வேண்டும் என்று விட்டிருந்தால் அது வேறு. அப்படியானால் வேலை செய்யாமல் லைசென்ஸை மட்டும் நிறுத்தி வைக்க அங்கே வழி இருக்கிறதாமே, அதையாவது கேட்டு வை. எதுவானாலும் 29-ம் தேதிக்கு முன் பார்.

அன்றைக்கு டி.டி. எடுத்த கவுண்டர்ஃபாயிலை இதோடு வைத்திருக்கிறேன். தேதியைப் பார்த்துக்கொள். அம்மாவுக்கு இது தெரியாது. திட்டுவதானால் இங்கே காலை ஆறரைக்குக் கூப்பிடு, அவள் கோயிலுக்குப் போயிருப்பாள்.

இப்படிக்கு,
அப்பா